பாட்டுக்கு அடியில் போன குரல்

அன்புள்ள அக்காவுக்கு,

முந்தாநாள் முருங்கைக்காய் வாங்கக் ஒஸ்லோவில் தமிழ்க் கடைகள் இருக்கிற குறொன்லாண்டுக்குப் போனேன். வழமையாகப் போகிற கடைதான். தேங்காய்ப்பால் ரின்கள் அடுக்கியிருக்கிற தட்டின் மூலையில் நீலமும் வெள்ளையுமாக ஒரு ரின்பால் இருந்தது. மேலே உங்கள் நாட்டு எழுத்து. அதில் ஓர் எழுத்துக்கூட எனக்கு வாசிக்கத் தெரியாது. ஆனாலும் அந்த நீலத்தைக் கண்டதும் கால் அந்த இடத்திலேயே நின்றுவிட்டது. ரின்னில் ஆணியால் ஓட்டை போட்டு, தேத்தண்ணிக்குள் விடுவதற்கு முன்னர் விரலில் ஒரு சொட்டு விட்டு நக்கிப் பார்ப்பீர்களே, அறுபதை எட்டப்போகிற வயதில், பூனைக்குட்டி மாதிரி. "அக்கா, உது ரஷ்யன் சாமான். உங்களுக்கு என்னத்துக்கு?" என்று கடைக்காரர் கேட்டார். "தேத்தண்ணிக்கு விடத்தான், வேறென்னத்துக்கு" என்று சொல்லிவிட்டு இரண்டைத் தூக்கிக் கூடைக்குள் போட்டேன். முருங்கைக்காயை மறந்துபோனேன். வீட்டில் அதற்கு வேறு ஏச்சு.

நீங்கள் போய்ச் சில குளிர்காலங்கள் ஆகிவிட்டன. இவ்வளவு காலமும் நான் உங்களுக்கு எழுதவில்லை. எழுத உட்கார்ந்தால் கோபம்தான் வரும். என் கோபம் உங்களுக்குத் தெரியும்தானே. உங்களைப் பற்றி எழுதத் தொடங்கி வேறு ஒருவரைத் திட்டி முடித்துவிடுவேன் என்று பயந்தே விட்டிருந்தேன். நீங்கள் கேட்டது ஒன்றே ஒன்று. உங்கள் முகமும் உங்கள் குரலும் ஒன்றாக ஏதோ ஓர் இடத்தில் கிடக்க வேண்டும் என்று கேட்டீர்கள். பெரிய நடிகை ஒருத்தி கேட்கக்கூடிய ஆகச் சின்ன ஆசை அது. அதுகூட நடக்கவில்லை.

நாங்கள் முதலில் சந்தித்ததே சண்டையில்தானே. ஸ்டோவ்னரில் எங்கள் அடுக்குமாடியின் நிலவறையில் எல்லா வீட்டுக்கும் பொதுவான உடுப்புத் தோய்க்கிற அறை இருந்தது. யாருக்கு எந்த நேரம் என்று சுவர்ப் பலகையில் சின்னப் பூட்டுப் போட்டு வைக்க வேண்டும். என் நேரத்துக்கு இரண்டு கூடையைத் தூக்கிக்கொண்டு இறங்கி வந்தால், மெஷினுக்குள் உங்கள் திரைச்சீலைகள் சுற்றிக்கொண்டிருந்தன. நீங்கள் கதிரையில் கால்மேல் கால் போட்டபடி இருந்தீர்கள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. இந்த நாட்டுப் பாஷை, தெரிந்த நொர்ஸ்க் முழுவதையும் உங்கள் தலையில் கொட்டினேன். முடியும்வரை பொறுமையாகக் கேட்டீர்கள். பிறகு எழும்பி நின்று என்னை மேலும் கீழும் பார்த்தீர்கள்.

"நீர் நல்லாக் கோபப்படுறீர். ஆனா கையை ஆட்டாதேயும். கையை ஆட்டினால் பாதிக் கோபம் கையாலை போயிடும்."

அந்தக் குரல்! சும்மா சொல்லக் கூடாது, நான் திடுக்கிட்டுப் போனேன். தேங்காய் துருவும்போது கடைசியில் சிரட்டை தட்டுப்படுமே, அப்படி ஒரு கரகரப்பு. இவ்வளவு வடிவான முகத்துக்குள்ளிருந்து இப்படி ஒரு குரலா என்று வாயைப் பிளந்துகொண்டு நின்றேன். திட்ட வந்தது மறந்துபோயிற்று. அன்றைக்கு உங்கள் திரைச்சீலையை நான்தான் ஒரு பக்கம் பிடித்து மடித்தேன்.

உங்களை எப்படிக் கூப்பிடுவது என்பதில் ஒரு பேச்சுவார்த்தை நடந்தது. உங்கள் ஊரில் மரியாதையாகக் கூப்பிடுவதென்றால் பெயரோடு தகப்பன் பெயரையும் சேர்த்துச் சொல்ல வேண்டுமாம். இங்கே சின்னப் பிள்ளைகூட மொட்டையாகப் பெயரைச் சொல்லுகிறது என்று குறைப்பட்டீர்கள். எங்களுக்கு மூத்தவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடும் வழக்கமே இல்லை, நான் அக்கா என்று கூப்பிடுகிறேன் என்றேன்.

"அக்கா எண்டால்?"

"கூடப்பிறந்த மூத்தவ."

"நான் உம்மோட கூடப்பிறக்கேல்லையே."

"பரவாயில்லை, இப்ப பிறந்திட்டீங்கள்."

நீங்கள் நடிகை என்பது ஒரு வருடம் கழிந்துதான் எனக்குத் தெரிய வந்தது. ஒரு சனிக்கிழமை இரண்டு பேரும் ரயிலில் நகரத்துக்குப் போய்க்கொண்டிருந்தோம். எதிரே இருந்த ஒரு பெண் உங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். திடீரென்று பைகளைப் போட்டுவிட்டு ஓடி வந்து உங்கள் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். அழுகிறாள், சிரிக்கிறாள், ரஷ்யனில் கொட்டுகிறாள். உங்கள் கையை எடுத்துக் கண்ணில் வைக்கிறாள். நீங்கள் சிரித்தீர்கள், தலை குனிந்தீர்கள், அவள் கன்னத்தைத் தடவினீர்கள். வாயை மட்டும் திறக்கவில்லை. அவள் ஒரு சொல்லுக்காக உங்கள் உதட்டையே பார்த்துக்கொண்டு நின்றாள். அடுத்த நிலையத்தில், நாங்கள் இறங்க வேண்டிய இடமே இல்லை அது, என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு இறங்கிவிட்டீர்கள்.

"என்ன பெருமை அக்கா உங்களுக்கு? ஒரு சொல்லுச் சொன்னால் வாய் தேஞ்சு போயிடுமோ?" என்று ரயில் மேடையிலேயே ஏசினேன்.

"வாயைத் திறந்திருந்தால் அவவுக்கு நான் இல்லாமல் போயிருப்பன்" என்றீர்கள்.

அன்று நகரத்துக்குப் போகவில்லை. அடுத்த ரயிலில் திரும்பி வந்து உங்கள் குசினியில் அடுப்போரமாக இருந்து கதை முழுவதையும் கேட்டேன். வொல்கா ஆற்றங்கரையில் ஒரு சின்னப் பட்டணம். அம்மா மீன் ரின்னில் அடைக்கிற தொழிற்சாலையில் வேலை. சின்ன வயதில் வந்த தொண்டைக் காய்ச்சல் உயிரை விட்டுவிட்டுக் குரலைக் கெடுத்துவிட்டுப் போனது. இந்தக் குரலோடு நடிப்புப் படிக்கப் போனால் சிரிப்பார்கள் என்று அம்மா தடுத்தும் கேட்காமல் லெனின்கிராட்டுக்கு ரயில் ஏறினீர்கள். முகத்துக்காக எடுத்துக்கொண்டார்கள். முதல் படத்தில் காயத்துக்குக் கட்டுப் போடும் தாதி. அடுத்ததில் கல்யாணப் பெண். இரண்டிலும் வசனம் இல்லை. பிறகு வந்தது அந்தத் தொலைக்காட்சித் தொடர். போர்க்காலத்தில் ஆற்றுக்குக் குறுக்கே ஆட்களை ஏற்றி இறக்கும் படகுக்காரி. உங்களுக்கு அப்போது இருபத்தைந்து வயதுகூட இல்லை. தொடர் ஓடுகிற நேரத்தில் தெருவில் நாயைத் தவிர ஒருவரும் இல்லையாம்.

அந்தக் காலத்தில் அங்கே படத்தைத் தனியாக எடுத்துவிட்டுக் குரலைப் பிறகு ஓர் அறையில் வைத்துப் பதிவு செய்வார்களாம். பாத்திரத்தின் ஒவ்வொரு மூச்சையும் மனப்பாடமாக வைத்துக்கொண்டு நீங்கள் அந்த அறைக்குப் போனபோது, உள்ளே இன்னொருத்தி காதில் கருவியை மாட்டிக்கொண்டு நின்றாள். "முகம் உன்ர முகம்தான். குரல் மட்டும் வேறை போடுவம்" என்று இயக்குநர் தோளில் தட்டினார். அவள் குரல் வெள்ளிமணி மாதிரி. நாடு முழுக்க அதுதான் உங்கள் குரல் என்று நம்பியது. பிறகு நீங்கள் நடித்த எல்லாப் படத்துக்கும் எல்லாத் தொடருக்கும் அவளே பேசினாள், சனத்துக்குப் பழகிவிட்டது என்று. தொழிற்சாலைகளில் ரசிகர்களைப் பார்க்கக் கூட்டிக்கொண்டு போவார்கள். நீங்கள் வணக்கம் சொன்னதும் சபையில் சலசலப்பு. முன்வரிசையில் இருந்து யாராவது, "உங்களுக்குத் தடிமனோ?" என்று கேட்பார்களாம். ஓம் தடிமன்தான், சளி என்று சொல்லி, கோடையிலும் கழுத்தில் கம்பளித் துண்டு சுற்றிக்கொண்டு போகப் பழகினீர்கள். கொஞ்சக் காலத்தில் பேசுவதையே விட்டுவிட்டீர்கள்.

நான் சிரித்துவிட்டேன், அக்கா. எனக்கு அது பெரிய விசயமாகவே படவில்லை.

"இதுக்கோ இவ்வளவு? எங்கட படங்களிலை வாற நடிகையள் முக்கால்வாசிப் பேருக்கு இரவல் குரல்தான். கதைக்க ஒருத்தி, பாட இன்னொருத்தி. ஒருத்தரும் வெக்கப்படுறேல்லை."

"ஏன் இரவல் குரல்?"

"அவையளுக்குத் தமிழ் தெரியாது."

"எனக்கு ரஷ்யன் தெரியும்" என்றீர்கள்.

நாலாம் மாடிக்குப் புதிதாக வந்திருந்த சென்னைப் பெண் நினைவுக்கு வந்தாள். "அக்கா, நீங்க பேசுறது தமிழா? கீழ சப்டைட்டில் போடுங்க" என்று அவள் விளையாட்டாகச் சொன்ன அன்று இரவு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. பிறந்த பேச்சு குறை என்று ஒருவர் சொன்னால் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும் சிரித்தேன். நீங்கள் அதைப் பெரிதுபடுத்தாமல் இன்னொரு கோப்பை தேத்தண்ணி ஊற்றினீர்கள்.

பிறகு உங்கள் நாடே உடைந்தது. படம் எடுக்கிறவர்களிடம் காசு இல்லை. நீங்கள் நடித்த கூடத்தில் ஒருவன் கட்டில்களையும் அலுமாரிகளையும் அடுக்கி வைத்து வியாபாரம் செய்தான். இறைச்சி விளம்பரம் ஒன்றில் நடித்தீர்கள், அதற்கும் வேறு குரல். சின்ன நாடகக் குழு ஒன்றோடு மூர்மான்ஸ்க்குக்குப் போன இடத்தில்தான் படகு இயந்திரம் திருத்த வந்த, நொர்வேயின் வடகோடி ஹம்மர்பெஸ்ட்காரரைச் சந்தித்தீர்கள். அந்த மனுசன் உங்கள் படம் ஒன்றைக்கூடக் கண்டதில்லை. ஊருக்குத் திரும்பிப் போய்க் கிழமைக்கு ஒருக்கால் தொலைபேசி எடுத்து, ஒன்றுமே கதைக்காமல், நீங்கள் கதைப்பதைக் கேட்டுக்கொண்டிருப்பாராம். பாதி விளங்காது, ஆனாலும் வைக்க மாட்டாராம்.

"முகத்துக்கு ஒரு நாடு இருந்தது. குரலுக்கு அந்த ஒரு மனுசன்தான்" என்று ஒருநாள் சொன்னீர்கள்.

அவரைக் கட்டிக்கொண்டு போன ஹம்மர்பெஸ்ட்டில், சூரியன் எட்டிப் பார்க்காத குளிர்காலங்களில் அவருக்குப் பக்கத்தில் இருந்து நாடகங்களை முழுதாகச் சொல்லிக் காட்டியிருக்கிறீர்கள். அவர் வலை பின்னிக்கொண்டு கேட்பாராம். ஒருநாள் படகுத்துறையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தவர் எழும்பவில்லை. வீடு அவருடைய தம்பிமாருக்குப் போனது. நீங்கள் ஒஸ்லோவுக்கு வந்து, எங்கள் கட்டடத்தில் ஓர் அறை வீடு எடுத்து, ஒரு பாடசாலைச் சிற்றுண்டிச்சாலையில் பாத்திரம் கழுவப் போனீர்கள்.

இங்கேயும் ஒருமுறை தொலைக்காட்சியில் வந்தீர்களே. நொர்வேக்காரர் ஒரு நாடகத்துக்குக் கிழக்கு நாட்டுச் சாயலில் துப்புரவுப் பெண் ஒருத்தி தேடினார்கள். ஒரு தாள், ஒரு வசனம்: "தரை ஈரம், கவனம்." அதைக் கோபமாக, பாசமாக, அலுப்பாக, காதலாக என்று ஒரு கிழமை முழுக்க என் குசினியில் சொல்லிப் பழகினீர்கள். ஒருநாள் தாள் கை தவறி நிலத்தில் விழுந்தது. நீங்கள் அதை எடுக்காமல் அதன் மேலேயே குந்திவிட்டீர்கள்.

"ஐயோ, எழும்புங்கோ அக்கா! அது சரஸ்வதி!" என்று கத்தினேன்.

உங்கள் நடிகர்கள் எல்லாரும் அப்படித்தானாம். விழுந்த வசனத்தின் மேல் ஒருமுறை இருந்துவிட்டுத்தான் எடுக்க வேண்டும், இல்லாவிட்டால் வேசம் கை நழுவிப் போய்விடும். "உம்மட சரஸ்வதி எனக்கு வேலை தருவாவோ? கொஞ்சம் பொறும்" என்று இருந்த இடத்தை விட்டு அசையவில்லை. நீங்கள் எழும்பிய பிறகு நான் அந்தத் தாளை எடுத்துக் கண்ணில் ஒற்றினேன். என் மகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். இரண்டு சடங்கும் செய்தும் பலன் இல்லை. நாடகம் வந்த அன்று வடை சுட்டு வைத்துக்கொண்டு வீட்டோடு காத்திருந்தோம். இரண்டு பேர் முத்தம் கொடுத்துக்கொண்டு நிற்க, பின்னால் நீங்கள் வாளியோடு போனீர்கள். வசனத்தை வெட்டிவிட்டார்கள். மகள் மட்டும் கை தட்டினாள்.

"வாளியை நல்லாப் பிடிச்சிருக்கிறன்" என்று சொல்லிவிட்டு வடையைக் கடித்தீர்கள்.

அடுத்த வசந்தத்தில் உங்களுக்கு விழுங்கக் கஷ்டமாக வந்தது. பெரிய ஆஸ்பத்திரியில் சோதித்தார்கள். குரல்வளையை எடுத்தால் உயிர் தப்பலாம், குரல் தப்பாது என்றார் டொக்ரர். ஒப்பரேசனுக்கு நாள் குறித்தாகிவிட்டது. நீங்கள் நேரே எங்கள் வீட்டுக்குத்தான் வந்தீர்கள். அழவில்லை. சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் வாசலில் நின்று கேட்டீர்கள்:

"உங்கட வீட்டு விழாவுக்கு வீடியோ எடுக்கிறவர் வருவார்தானே?"

மகள் வயதுக்கு வந்த சாமத்தியவீட்டுக்கு மண்டபம் எடுத்திருந்தோம், ஒப்பரேசனுக்கு முந்திய கிழமை.

"சனம் இருக்கும். வெளிச்சம் இருக்கும். மைக் இருக்கும். கமரா இருக்கும். நாலும் ஒரே இடத்திலை எனக்கு இனி ஆர் தரப்போகினம்? ஒருக்கால் கதைக்க விடும். என்ர முகமும் என்ர குரலும் ஒண்டா ஒரு இடத்திலை கிடக்கட்டும். பிறகு வெட்டி எடுக்கட்டும்."

வீட்டிலேயே ஒரு சின்னக் கமராவில் எடுப்போம் என்று சொல்லிப் பார்த்தேன். "சுவரைப் பாத்துக் கதைக்க நான் என்ன பல்லியோ?" என்றீர்கள்.

இவரிடம் சொன்னபோது இவர் தலையைச் சொறிந்தார். "சாமத்தியவீட்டிலை ரஷ்யன் பேச்சோ? சனம் சிரிக்குமப்பா." மச்சாள் அதற்கும் மேலே போனார். "புருசன் செத்த மனிசியை நல்ல காரியத்திலை மேடையிலை ஏத்துறதோ? பிள்ளைக்குக் கூடாது." எனக்கு வந்த கோபத்துக்கு, மண்டபமும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம், கோயிலில் ஓர் அர்ச்சனையோடு முடிப்போம் என்றேன். மகள்தான் எல்லாரையும் அடக்கினாள். "அம்மா, ஸ்லாப் ஆவ்" என்றாள் முதலில், ஆறுதலாக இருக்கட்டுமாம். பிறகு தகப்பன் பக்கம் திரும்பி, "அவ கதைக்காட்டி நான் சீலை உடுக்க மாட்டன்" என்றாள். அதோடு கதை முடிந்தது. பிள்ளையை வாழ்த்தி ரஷ்யனில் ஒரு கவிதை என்று எல்லாருக்கும் சொல்லி வைத்தேன்.

அது வாழ்த்து இல்லை என்பது எனக்கும் உங்களுக்கும் தான் தெரியும். படகுக்காரி கடைசிப் பாகத்தில் ஆற்றங்கரையில் நின்று, போருக்குப் போய்த் திரும்பாத புருசனோடு பேசுகிற இடம் அது. மாடு கன்று போட்டிருக்கு. கூரை ஒழுகுது. பிள்ளைக்கு முன்பல் விழுந்துவிட்டது. உன் சப்பாத்துக்குக் கொழுப்புப் பூசி வைத்திருக்கிறேன். இவ்வளவுதான், வீட்டுச் சங்கதி. வெள்ளிமணிக்காரி பேசிப் புகழ் வாங்கிய வசனம். முப்பது வருடம் உங்கள் தொண்டைக்குள்ளேயே கிடந்த வசனம்.

அன்று கறுப்புச் சட்டையில் வந்தீர்கள். நல்ல நாளில் கறுப்பா என்று மச்சாள் முகத்தைச் சுளித்தார். அறிவிப்பாளர், "ரஷ்ய நாட்டின் புகழ்பெற்ற திரைப்பட, தொலைக்காட்சி நடிகை" என்று நீட்டி முழக்கினார். நீங்கள் மேடையில் ஏறியதும் வீடியோ அண்ணையைக் கூப்பிட்டு, வெளிச்சத்தை இடப்பக்கம் கொண்டுபோகச் சொன்னீர்கள். அவர் கொண்டுபோனார். பிறகு மைக்கைக் கொஞ்சம் கீழே இறக்கினீர்கள். மண்டபம் சந்தை மாதிரிச் சத்தம். பிள்ளைகள் ஓடித் திரிகிறார்கள், பெரியவர்கள் காகிதத் தட்டில் ரோல்ஸோடு கதைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

நீங்கள் தொடங்கினீர்கள். இரண்டாவது வசனத்தில் குரல் உடைந்தது. நான் பயந்துபோனேன். நீங்கள் அந்த உடைவையே பிடித்துக்கொண்டு அடுத்த வசனத்துக்குப் போனீர்கள். கொஞ்சம் கொஞ்சமாகச் சத்தம் அடங்கியது. ரோல்ஸைக் கடித்த வாய் கடித்தபடி நின்றது. ஒருவருக்கும் ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால் எங்கள் சனத்தில் திரும்பி வராத ஆளோடு மனதுக்குள் கதைத்துக்கொண்டிருக்கிற பெண்கள் எத்தனை பேர், அக்கா! பின்வரிசையில் ஒருத்தி சீலைத் தலைப்பால் முகத்தைப் பொத்திக்கொண்டாள். வாழ்த்துக்கு ஏன் அழுகிறாள் என்று அவளுடைய பிள்ளை அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது.

முடித்துவிட்டு இறங்கி வந்தீர்கள். இருபது வயதுப் பெட்டை மாதிரி முகம் சிவந்திருந்தது.

"எடுத்தவரோ?"

"எடுத்தவர் அக்கா."

"முழுக்கவோ?"

"முழுக்க."

வீடியோ அண்ணையைத் தேடிப் போய் அவர் நெற்றியில் முத்தம் கொடுத்தீர்கள். மனுசன் வெட்கத்தில் கமராவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டது.

ஒப்பரேசன் முடிந்து வந்தீர்கள். கழுத்தில் துளை, அதன் மேல் மெல்லிய துணி, மூச்சு விடும்போது ஒரு சீழ்க்கை. என் மகள் சின்ன வயதில் கீறி விளையாடிய காந்தப் பலகையைக் கொண்டுவந்து தந்தாள், எழுதினால் இழுத்து அழிக்கலாம். நீங்கள் அதில் எழுதிய முதல் கேள்வியே, "படம் வந்ததா?" என்பதுதான். வீடியோ அண்ணை கிழமை நாட்களில் களஞ்சியசாலையில் வேலை செய்கிறவர், சனி ஞாயிறில்தான் வெட்டி ஒட்டுவார். எங்கள் சனத்துக்கு விழா வீடியோ வருவதற்குள் அடுத்த பிள்ளையின் விழாவே வந்துவிடும். நீங்கள் விடவில்லை. என்னைக் காணும் போதெல்லாம் பலகையைத் தூக்கினீர்கள்.

இலையுதிர் காலத்தில் வந்தது. மகளின் படத்தைச் சுற்றி ரோசாப்பூப் போட்ட உறைக்குள் வீடியோத் தட்டு ஒன்று. நீங்கள் தலைமுடி வாரி, உதட்டுக்குச் சாயம் பூசி, அதே கறுப்புச் சட்டையில் வந்து சோபாவில் நிமிர்ந்து இருந்தீர்கள். நான் போட்டேன்.

தொடக்கத்திலேயே சினிமாப் பாட்டு. தண்ணி வார்க்கிற இடத்துக்குப் பாட்டு. ஆராத்திக்குப் பாட்டு. சனம் வந்து இருப்பதற்கும் பாட்டு. எங்கள் வீடியோக்கள் எல்லாமே அப்படித்தானே, அக்கா. பேச்சை எடுத்துவிட்டுப் பாட்டை ஏற்றுவார்கள். எத்தனை வீட்டில் இருந்து பார்த்திருக்கிறேன், எத்தனை கல்யாணம், எத்தனை பிறந்தநாள். அது அப்படித்தான் என்று பழகிப்போனதால் எனக்கு உறைக்கவே இல்லை. மண்டபத்தில் ஒருவருக்கும் உறைக்கவில்லை.

உங்கள் முகம் வந்தது. இடப்பக்க வெளிச்சத்தில் அவ்வளவு வடிவு. வாயைத் திறந்தீர்கள். பதினாறு வயதுப் பெண்ணின் குரலில், பூப்பூத்ததைப் பற்றி ஒரு தேன் சொட்டும் பாட்டு வந்தது. வீணை வேறு. உங்கள் உதடு அசைய அசைய அது பாடியது. திரையின் ஓரத்தில் பூக்கள் பறந்தன.

நான் நிறுத்தப் பாய்ந்தேன். நீங்கள் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டீர்கள். உங்களுக்கு எங்கிருந்து அந்தப் பலம் வந்ததோ தெரியாது. முடியும்வரை பார்த்தீர்கள். கண்ணை இமைக்கவில்லை. பிறகு பலகையை எடுத்து எழுதினீர்கள்.

"யார் இவள்?"

"ஒரு பாட்டுக்காரி அக்கா. மெட்ராசிலை."

அழித்துவிட்டு எழுதினீர்கள்.

"நல்ல குரல்."

என் மகள் சத்தமாக அழுதுகொண்டு அறைக்குள் ஓடினாள். எனக்கு அழுகை வரவில்லை. நான் போனை எடுத்தேன்.

"அண்ணை, அவ பேசினது எங்கை?"

"எவ? ஓ, அந்த ரஷ்யன் மனிசியோ? அவவுக்குத் தொண்டை நல்லா அடைச்சுப்போய்க் கிடந்தது அக்கா. பாவம், முகம் நல்ல வடிவு. குரல்தான் சரியில்லை. அதுதான் நல்ல பாட்டொண்டு போட்டு விட்டனான். நேரமெடுத்து உதட்டுக்குப் பொருத்தினது. எப்பிடி இருக்கு?"

"எடுத்த வீடியோ நாடாவைத் தாங்கோ."

"அதுக்கு மேலை இரண்டு கலியாணம் எடுத்திட்டன் அக்கா. ஏன், ஏதும் பிழையோ?"

நான் அவருக்குச் சொன்னவற்றை இங்கே எழுத மாட்டேன். உங்கள் இயக்குநர் தோளில் தட்டிச் சொன்னதையே வீடியோ அண்ணையும் சொன்னார். இரண்டு பேரும் கெட்ட மனுசர் இல்லை. அதுதான் எனக்குப் பொறுக்க முடியாமல் இருந்தது. கெட்டவன் என்றால் திட்டிவிட்டாவது ஆறலாம். நான் கத்திக்கொண்டிருக்க நீங்கள் வந்து போனை வாங்கி வைத்துவிட்டு, ஆட்டிக்கொண்டிருந்த என் கையைப் பிடித்துக் கீழே இறக்கினீர்கள்.

அதற்குப் பிறகு பலகையில் எழுதுவது குறைந்தது. நோய் திரும்ப வந்தது. ஆஸ்பத்திரியில் நான் பக்கத்தில் இருந்தால் நீங்கள் உதட்டை அசைத்துக்கொண்டே இருப்பீர்கள், சத்தம் இல்லாமல், நீளநீளமாக. ரஷ்யனா நொர்ஸ்க்கா என்றுகூட எனக்குத் தெரியாது. நான் ஓம், ஓம் என்று சொல்லிக்கொண்டிருப்பேன். பனி கொட்டிய ஒரு காலையில் நான் போனபோது கட்டில் வெறுமையாக இருந்தது.

செத்த வீட்டுக்கு உங்கள் நாட்டவர் கொஞ்சப் பேர் வந்திருந்தார்கள். ஒரு வயதான பெண் உங்கள் பெட்டிக்குப் பக்கத்தில் நின்று அழுதுவிட்டு என்னிடம் வந்து, "என்ன முகம்! என்ன குரல்! வெள்ளிமணி" என்றார்.

"அது அவவின்ர குரல் இல்லை" என்றேன். "அவவின்ர குரல் கரகரப்பு. நான் கேட்டிருக்கிறன்."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "நான் இருபது வருசம் கேட்டனான். நீர் எந்த நாடு?"

சொன்னேன்.

"பாவம், உமக்குத் தெரியாது" என்று என் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார். அந்த இடத்தில் சண்டை பிடிக்க முடியுமா? உங்களை மண்ணுக்குள் இறக்கும்போதும் அந்த வெள்ளிமணிக்காரியையும் சேர்த்துத்தான் இறக்கினார்கள்.

இவ்வளவும் எழுதிவிட்டு இப்போது திரும்ப வாசித்துப் பார்த்தேன். இந்த மடல் முழுக்க நீங்கள் யாழ்ப்பாணத் தமிழில் கதைக்கிறீர்கள். என்னை "நீர்" என்கிறீர்கள். நொர்ஸ்க்கில் எல்லாருக்கும் ஒரே சொல்தான், அந்த "நீர்" நான் போட்டது. உங்கள் உடைந்த நொர்ஸ்க்கை எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. ரஷ்யன் ஒரு சொல்லும் தெரியாது. ஆகவே வாய்க்கு வந்ததை உங்கள் வாயில் போட்டிருக்கிறேன், எங்கள் வீட்டுப் பேச்சு என்று பாசமாக, நல்லது செய்கிறேன் என்று நினைத்துக்கொண்டு. இயக்குநரையும் வீடியோ அண்ணையையும் அவ்வளவு திட்டின நான்.

கிழித்துப் போடலாமா என்று யோசித்தேன். கிழிக்கவில்லை. உங்கள் அசல் குரல் இப்போது இருப்பது என் காதுக்குள் மட்டும்தான். உடுப்புத் தோய்க்கும்போது வரும், பேருந்தில் வரும், நான் யாரையாவது ஏசிக்கொண்டிருக்கும்போது நடுவில் வரும். அதை ஒருவருக்கும் போட்டுக் காட்ட எனக்கு வழியில்லை, அக்கா. நான் இருக்கும் மட்டும் அது இருக்கும்.